முதல் தவணையில் கழிந்தது எண்ணூறு

நம் குரூப்பில் நேற்று அந்த வீட்டுக் கடன் விளம்பரத்தைப் போட்டவனுக்கும், அதற்குக் கீழே இதயம் இதயமாகக் குத்திய மற்றவர்களுக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். பஸ்ஸில் உட்கார்ந்து ஃபோனில் தட்டுகிறேன், எழுத்துப்பிழை இருந்தால் கண்டுகொள்ளாதீர்கள். "மாதம் இவ்வளவுதான்" என்று பெரிய எழுத்தில் போட்டிருக்கிறார்களே, அந்த "இவ்வளவுதான்" என்ற சொல்லைப் பார்த்தாலே நான் இன்றைக்கும் ஃபோனைக் கவிழ்த்து வைத்துவிடுவேன். கெம்பஸில் நாலு வருஷம் ஒரே தட்டில் கொத்து ரொட்டி சாப்பிட்ட உரிமையில் கேட்கிறேன், கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் இதை வாசித்துவிடுங்கள். அறிவுரை எல்லாம் இல்லை. நான் ஐந்தாம் வகுப்பு ஸ்கொலர்ஷிப் சோதனை எழுதிய வருஷம், தீபாவளிக்குக் கொஞ்சம் முந்திய மழைக்காலத்தில், எங்கள் வீட்டில் நடந்த கதை.

குருவிட்ட என்ற ஊருக்குப் பக்கத்தில் ஒரு தேயிலைத் தோட்டம். அம்மா அங்கே கொழுந்து பறித்தாள். அப்பா தோட்டத்தில் இல்லை, டவுனில் ஒரு ஹார்ட்வெயார் கடையில் வேலை. தம்பியோடு நாங்கள் நாலு பேரும் இருந்த லயத்துக் காம்பரா, வரிசை வீடுகளில் ஒற்றை அறை, அம்மாவின் பேரில்தான் இருந்தது. தோட்டத்து வேலையாட்களின் பேர் இருக்கிற செக்ரோலில் வீட்டில் ஒருத்தரின் பேராவது இருக்கும் வரைக்கும் காம்பரா உங்களுடையது. பேரை வெட்டிக்கொண்டால் சாவியையும் கொடுத்துவிட வேண்டும்.

இதில் வேடிக்கை என்னவென்றால், எங்களுக்குச் சொந்த வீடு ஒன்று இருந்தது. டவுனுக்குப் போகிற ரோட்டில், ரப்பர்க் காட்டின் ஓரமாக, ஒரு ஹோல், இரண்டு அறை, பின்பக்கம் தனியாக, சமைப்பதற்கு ஒரு குசினி. எனக்கு மூன்று வயசாக இருந்தபோது அப்பா ஐந்து லட்சம் வங்கிக் கடன் எடுத்து அதை வாங்கியிருந்தார். ஆனால் அதில் நாங்கள் ஒரு நாள்கூடக் குடியிருக்கவில்லை. மாதத் தவணை கட்டுவதற்காக அதை ஒரு சிங்கள டீச்சருக்கும் அவருடைய கணவருக்கும் வாடகைக்கு விட்டிருந்தோம். வாடகைக் காசோடு அப்பாவின் சம்பளத்தில் கொஞ்சம் போட்டு வங்கிக்குக் கட்டுவது, கடன் முடிந்ததும் குடி போவது. இதுதான் திட்டம்.

ஞாயிற்றுக்கிழமைகளில் மற்றவர்கள் கோயிலுக்குப் போவது மாதிரி நாங்கள் எங்கள் வீட்டைப் பார்க்கப் போவோம். அப்பா ரோட்டில் நின்று கூரையைப் பார்ப்பார். அம்மா போன உடனே விளக்குமாற்றை எடுத்து முற்றத்தைக் கூட்டத் தொடங்கிவிடுவாள். டீச்சர் பதறிக்கொண்டு ஓடி வருவார்.

"அய்யோ அக்கே, எப்பா எப்பா, வேணாம்! நீங்க வீட்டுக்காரங்க. நீங்க கூட்டினா எனக்குத்தான் வெக்கம்."

"ஒரு நாளைக்கி நான் கூட்டத்தானே போறேன் டீச்சர். இப்பவே பழகிக்கிறேன்."

ரப்பர்ப் பால் ஷீட்டைப் புகை போடுகிற வாசனை அந்தப் பக்கம் எப்போதும் இருக்கும். புளித்த மாதிரி, கருகின மாதிரி. எனக்கு அதுதான் சொந்த வீட்டு வாசனை. லயத்தில் இருந்தது ஈரச்சாக்கு வாசனையும் பக்கத்துக் காம்பராவின் கருவாட்டு வாசனையும்தான்.

அப்பாவைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். அவர் லயத்தில் "கணக்கண்ணன்". தீபாவளி வருவதற்கு முன்னால் தோட்டத்தில் எல்லாருக்கும் அட்வான்ஸ் கொடுப்பார்கள். பிறகு மாதா மாதம் சம்பளத்தில் ஒரே அளவாக வெட்டி, அடுத்த தீபாவளிக்குள் முடித்துவிடுவார்கள். வட்டி கிடையாது. எடுத்த காசும் வெட்டின காசும் சமமாக வந்த மாதத்தோடு கதை முடியும். ஒரு முறை ஒரு பாட்டாளிக்கு அட்வான்ஸ் முடிந்த பிறகும் ஒரு மாதம் கூடுதலாக வெட்டிவிட்டார்கள். அப்பா தோட்டத்து ஆபீசுக்குப் போய், கிளாக்கர் முன்னால் விரல் விட்டு எண்ணிக் காட்டி அந்தக் காசைத் திருப்பி வாங்கிக் கொடுத்தார். அன்றிலிருந்து தீபாவளி வந்தால் எங்கள் காம்பரா வாசலில் செருப்புக் குவிந்துவிடும்.

அதே கையோடுதான் அவர் வீட்டுக் கடனுக்கும் கணக்குப் போட்டார். அதை எனக்கே பல தடவை சொல்லிக் காட்டியிருக்கிறார், வாய்ப்பாடு சொல்வது மாதிரி.

"பாரு புள்ள. அஞ்சு லட்சம். நூத்துக்குப் பதினாலு வட்டி. அப்போ அஞ்சு லட்சத்துக்கு எழுபதாயிரம். மொத்தம் அஞ்சு லட்சத்தி எழுபது. மாசம் ஆறாயிரத்தி அறுநூத்திச் சொச்சம் கட்டுறோம். ஏழு வருஷத்துல முடிஞ்சிரும்."

அம்மா அடுப்படியிலிருந்து கேட்பாள். "பேங்க்ல பதினஞ்சு வருஷம்னு சொன்னாங்கன்னீங்க?"

"அது கெடுடி! அதுக்குள்ள கட்டலைன்னா வீட்டைப் புடிப்பான்னு அர்த்தம். கெடு முடியிற வரைக்கும் இழுக்கிறவன் சோம்பேறி. நாம பாதியிலயே முடிச்சிக் காட்டுறோம்."

வங்கியில் கொடுத்த தாள்கள் ஆங்கிலத்தில் இருந்தன. அப்பா சிங்களம் தண்ணீராகப் பேசுவார். வங்கியில் இருந்தவர்களோடு கிரிக்கெட் பேசினார், மழை பேசினார், இதை மட்டும் ஒரு நாளும் கேட்கவில்லை. தெரிந்த விஷயத்தை யார் கேட்பார்கள்?

ஏழு வருஷம் முடிகிற அந்த மழைக்காலத்தில் எல்லாம் ஒன்றாக நடந்தது. டீச்சருக்கு முன்கூட்டியே சொல்லிவிட்டோம், அவர்கள் வேறு வீடு பார்த்துப் போனார்கள். அம்மா செக்ரோலில் இருந்து பேரை வெட்டிக்கொண்டாள். இருபத்திரண்டு வருஷம் வேலை செய்ததற்கு சர்வீஸ் காசு ஒரு லட்சத்துக்குக் கொஞ்சம் கூடக் கிடைத்தது. அது வந்த வேகத்தில் கரைந்தது. ஓடு மாற்றினோம், கேட் போட்டோம். அப்பாவின் கடையில் யாரோ ஓடர் பண்ணிவிட்டு வேண்டாம் என்று விட்டுப்போன ஒரு ரோஸ் கலர் பெயின்டை முதலாளி பாதி விலைக்குக் கொடுத்தார். ஹோலுக்கு அதைத்தான் அடித்தோம். கேக் ஐசிங் மாதிரி ஒரு ரோஸ். அம்மா அந்தச் சுவருக்கு முன்னால் நின்று, "கண்ணு கூசுது, ஆனா நம்ம கண்ணுதானே" என்றாள்.

காம்பராச் சாவியை ஆபீசில் கொடுத்த அன்றைக்கு அம்மா அழுவாள் என்று நினைத்தேன். அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு திரும்பிக்கூடப் பார்க்காமல் இறங்கினாள். பக்கத்துக் காம்பரா அத்தைதான் அழுதார். அம்மா அவரிடம், "அழுவாதீங்க அத்தாச்சி, வெள்ளிக்கிழம பால் காய்ச்சுறோம், லொறி அனுப்புறேன், எல்லாரும் ஏறி வாங்க" என்று சொல்லிவிட்டு நடந்தாள்.

அந்த வெள்ளிக்கிழமைக் காலையில் அப்பா கடைசிக் காசைக் கட்டி, வீட்டு உறுதிப் பத்திரத்தை வங்கியிலிருந்து வாங்கிக்கொண்டு வர வேண்டும். அதைச் சாமிப் படத்துக்கு முன்னால் வைத்த பிறகு பால் காய்ச்சுவது. உறுதியைப் பொம்பளைப் பிள்ளை கையால் வாங்க வேண்டும் என்று அம்மா ஒரே பிடி. அதனால் என்னையும் பள்ளிக்கூடம் மட்டம் போடவைத்து, பட்டுப் பாவாடை கட்டி, கையில் வெற்றிலை, மஞ்சள், பூ எல்லாம் வைத்த ஒரு பித்தளைத் தட்டையும் கொடுத்து அனுப்பினாள். வங்கி வாசலில் செக்கியூரிட்டி என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"நங்கி, கோவில் அந்தப் பக்கம்" என்று, தங்கச்சி முறை வைத்து, சிங்களத்தில் சொல்லிச் சிரித்தார்.

"இன்னைக்கி இதுதான் எங்களுக்குக் கோவில்" என்றார் அப்பா. அவரும் சிங்களத்தில்தான். எனக்குப் பெருமையாக இருந்தது.

கவுன்டரில் இருந்த மிஸ் சின்ன வயசுக்காரர். நம்முடைய இப்போதைய வயசுதான் இருக்கும். அப்பாவை "அய்யே" என்று அண்ணன் முறை வைத்துக் கூப்பிட்டார். பேச்செல்லாம் சிங்களத்தில். எனக்கு விளங்கியதை நம் பாஷையில் தருகிறேன்.

"மிஸ், இன்னையோட நம்ம லோன் முடியுது. உறுதிய வாங்கிட்டுப் போகலாம்னு வந்தேன்."

மிஸ் கம்ப்யூட்டரில் தட்டினார். ஒரு தடவை திரையைப் பார்த்தார், ஒரு தடவை என் தட்டைப் பார்த்தார்.

"அய்யே, இன்னும் மூணு லட்சத்தி எண்பதாயிரத்துக்கு மேல இருக்கே."

அப்பா சிரித்தார். உண்மையாகவே சிரித்தார். "அது வேற யாரோட கணக்கோ மிஸ். திரும்ப அடிச்சிப் பாருங்க."

மிஸ் திரும்ப அடித்தார். திரையையும் எங்கள் பக்கம் திருப்பினார். அப்பாவின் பேர், எங்கள் வீட்டு விலாசம், எல்லாம் சரியாக இருந்தது.

"அப்போ இத்தன வருஷம் நான் கட்டினது எங்க போச்சு?"

"எங்கயும் போகல அய்யே. முக்காவாசி வட்டிக்குப் போயிருக்கு."

"வட்டியே எழுபதாயிரந்தானே மிஸ். அதையும் சேர்த்துத்தானே கட்டியிருக்கேன்?"

"எழுபதாயிரங்கிறது மொத வருஷத்து வட்டி. நூத்துக்குப் பதினாலுன்னா வருஷத்துக்குப் பதினாலு. பாக்கி இருக்கிற காசுக்கு ஒவ்வொரு வருஷமும் போட்டுக்கிட்டே இருக்கும்."

பின்னால் நின்ற ஒருவர், "மல்லி, டிக்கக் இக்மன் கரன்ன", தம்பி கொஞ்சம் சீக்கிரம், என்று அவசரப்படுத்தினார். மிஸ் பாவம், அப்பாவுக்கு விளங்க வேண்டும் என்று இன்னும் எளிதாகச் சொல்லப் பார்த்தார். அவர் நல்ல மனசோடு சொன்ன அந்த ஒன்றுதான் எங்களை அடித்துப் போட்டது.

"இப்பிடிப் பாருங்க அய்யே. மொத மாசம் நீங்க ஆறாயிரத்தி அறுநூத்திச் சொச்சம் கட்டினீங்க. அதுல ஐயாயிரத்தி எண்ணூறு வட்டி. உங்க அஞ்சு லட்சத்துல கழிஞ்சது எண்ணூறு ரூபா."

"எண்ணூறா?"

"எண்ணூத்திச் சொச்சம்."

"ஆறாயிரத்தி அறுநூறு கட்டினதுல, எண்ணூறா?"

"ஆமா. அடுத்த மாசம் இன்னும் ஒரு பத்து ரூபா கூடக் கழியும்."

அப்பா கவுன்டர் மேல் இரண்டு கையையும் வைத்தார். "நாங்க ஒரு மாசம்கூடத் தவறலையே மிஸ்."

"தவறாததாலதான் அய்யே இவ்வளவாவது குறைஞ்சிருக்கு."

மக்களே, இந்த வாக்கியத்தை நான் பதினைந்து வருஷமாக மனசில் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன். அந்த மிஸ் பொய் சொல்லவில்லை, ஏமாற்றவில்லை. வங்கியும் யாரையும் ஏமாற்றவில்லை, எல்லாம் அந்தத் தாளிலேயே இருந்தது. இன்னும் எட்டு வருஷம் இருக்கிறது, கடைசி வருஷங்களில் வேகமாகக் குறையும், கவலைப்பட வேண்டாம் என்று ஆறுதல்கூடச் சொன்னார். அப்பா கொண்டுபோயிருந்த காசில் அந்த மாதத் தவணையைக் கட்டிவிட்டுத் திரும்பினோம். நான் தட்டைப் பிடித்தபடியே நின்றேன். மிஸ்ஸுக்கு என்ன தோன்றியதோ, எழுந்து நின்று இரண்டு கையாலும் ஒரு வெற்றிலையை மரியாதையாக எடுத்துக்கொண்டார். அதற்குப் பிறகுதான் எனக்கு அழுகை வந்தது.

திரீவீலில் வரும்போது அப்பா ஒன்றே ஒன்றுதான் சொன்னார். "அம்மாகிட்ட நான் சொல்லிக்கிறேன். நீ பேசாம இரு."

வீட்டு கேட்டுக்கு வெளியே லொறி நின்றது. லயமே இறங்கியிருந்தது. தோட்டத்து வேலையை மேற்பார்க்கிற பெரிய கங்காணி வெள்ளை வேட்டியில் நாற்காலியில் இருந்தார். ரோஸ் ஹோலில் பொம்பளைகள் கூட்டமாக உட்கார்ந்து சுவரைத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். புதுப் பெயின்ட் வாசனையும் சாம்பார் வாசனையும் சேர்ந்து தலைவலித்தது. அம்மா மாம்பழக் கலர் சேலையில் வாசலில் நின்றாள்.

"முடிஞ்சிருச்சா?" என்று கேட்டாள்.

"முடிஞ்சிருச்சு!" என்று அப்பா எல்லாருக்கும் கேட்கிற மாதிரி கத்தினார்.

யாரோ பையன்கள் சீன வெடிக் கட்டைக் கொளுத்தினார்கள். அந்தச் சத்தத்தில் அம்மா அப்பாவின் காதருகே போய், "உறுதி எங்க?" என்றாள். "கொழும்புல இருந்து வரணுமாம்" என்றார். அம்மா என் தட்டைப் பார்த்தாள். அதற்குள் பால் பொங்கிவிட்டது என்று உள்ளே இருந்து கூப்பிட்டார்கள்.

அப்பா அன்றைக்குப் பந்தியில் தானே சோறு போட்டார். வாழ்க்கையில் அவ்வளவு பேசி நான் பார்த்ததில்லை. ஒவ்வொருவரையும் வம்புக்கு இழுத்தார், அப்பளத்தை நொறுக்கி ஒருவர் தலையில் போட்டார். பெரிய கங்காணி சாப்பிட்டு முடித்துக் கை கழுவாமலே எழுந்து நின்று, "நம்ம லயத்துல இருந்து சொந்த வீட்டுக்குப் போன மொத குடும்பம்" என்று ஒரு பேச்சுப் பேசினார். எல்லாரும் கை தட்டினார்கள்.

அப்போதுதான் பக்கத்துக் காம்பரா அத்தையின் மருமகன் எழுந்தான். தோட்டத்து லொறி டிரைவர். கையில் பாயசக் கோப்பை.

"கணக்கண்ணே, எனக்கும் ஒரு கணக்குப் போட்டுக் குடுங்க. எட்டு லட்சம் எடுக்கலாம்னு இருக்கேன். இந்த ரோட்டுலயே ஒரு துண்டு காணி பார்த்துட்டேன். திங்கக்கெழம கையெழுத்து."

"அவனுக்கு மட்டுமில்ல, எனக்கும்" என்றார் இன்னொருவர். "கணக்கண்ணே ஏழு வருஷத்துல முடிச்சிட்டாரு, நான் ஆறுல முடிக்கிறேன் பாருங்க."

அப்பாவின் கையில் சோற்றுக் கரண்டி இருந்தது. அதை அண்டாவுக்குள் வைத்தார்.

"எடுக்காத" என்றார்.

"ஏண்ணே? நீங்க மட்டும் சொந்த வீட்டுல இருக்கணுமா?" பந்தியில் சிரிப்பு.

"எடுக்காதடா. எனக்கு முடியல."

"என்ன முடியல?"

"லோன் முடியல. இன்னும் மூணு லட்சத்தி எண்பதாயிரம் இருக்கு." அப்பா யாரையும் பார்க்காமல், அண்டாவைப் பார்த்துச் சொன்னார். "எனக்குத் தெரிஞ்சது தீபாவளி அட்வான்ஸ்தான்டா. இதுவும் அது மாதிரி வெட்டிக்கிட்டே வந்து முடியும்னு நெனச்சிட்டேன். மொத மாசம் ஆறாயிரத்தி அறுநூறு கட்டினேன். அதுல கடன்ல கழிஞ்சது எண்ணூறு."

பந்தியில் இருந்த அத்தனை கையும் இலையிலேயே நின்றுவிட்டது. வெளியே ஒரு சின்னப் பையன் வெடிக்காத வெடிகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தான், அவன் மட்டும்தான் அசைந்தான்.

"எண்ணூறுன்னா?" என்று பின்னால் இருந்து அம்மாவின் குரல் வந்தது. பாயசச் சட்டியோடு குசினி வாசலில் நின்றாள்.

அப்பா அண்டாவுக்குள் இருந்த கரண்டியைத் திருப்பி வைத்தார்.

"மொத தவணை கட்டிட்டு வந்து என்ன சொன்னீங்க? இன்னையில இருந்து வாசப்படி நம்மளுதுன்னு சொன்னீங்க. அடுத்த வருஷம் ஹோலு நம்மளுதுன்னீங்க. நான் ஞாயித்துக்கெழம ஞாயித்துக்கெழம வந்து கூட்டினேனே, அது யாரு வீட்டு முத்தம்?"

"இந்தா, விடும்மா..." என்றார் பெரிய கங்காணி.

"நீங்க சும்மா இருங்க கங்காணி." அம்மா அவரிடம் அப்படிப் பேசி நான் கேட்டதே இல்லை. "எண்ணூறு ரூபாக்கி என்ன வரும்? இந்தக் கேட்டுக்கு ஒரு பூட்டு வருமா?"

அப்பா ஹார்ட்வெயார்க்காரர் அல்லவா, பழக்க தோஷத்தில் தலையை நிமிர்த்தி, "பூட்டு வரும்" என்றார். யாரோ ஒருவர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அம்மாவும் சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்த்துத்தான் நான் பயந்தேன்.

பெரிய கங்காணிதான் நிஜத்தைச் சொன்னார். "பேரை வெட்டிக்கிட்டியேம்மா. சாவியையும் குடுத்திட்டியே. வாடகைக்காரவங்களையும் அனுப்பிட்டீங்க. இனி மாசா மாசம் எங்க இருந்து கட்டுவீங்க?"

அவர் சொன்ன பிறகுதான் எங்களுக்கே அது முழுசாக விளங்கியது. கட்டாவிட்டால் வீடு போகும். காம்பரா ஏற்கனவே போய்விட்டது. வாடகையும் இல்லை, அம்மாவின் சம்பளமும் இல்லை. சர்வீஸ் காசு சுவரில் ரோஸ் கலராகக் காய்ந்துகொண்டிருந்தது.

விருந்தாளிகளைத் திருப்பிக் கொண்டுபோக லொறி புறப்பட்டபோது, அம்மாவும் அதில் ஏறினாள். மாம்பழக் கலர் சேலையோடு, பின்பக்கச் சட்டத்தைப் பிடித்து, எல்லாரோடும் நின்றாள். நானும் ஏறினேன். விருந்து வைத்தவளே விருந்தாளிகளோடு திரும்பிப் போனாள். பக்கத்துக் காம்பரா அத்தை அம்மாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டே வந்தார்.

எங்கள் காம்பராவில் புதுத் திரைச்சீலை தொங்கியது. கல்யாணம் முடித்து ஒரு மாதம்கூட ஆகாத ஒரு ஜோடிக்கு அதைக் கொடுத்துவிட்டார்கள். அந்தப் பொண்ணு ஓடி வந்து, "வாங்கக்கா, உக்காருங்க, டீ ஊத்துறேன்" என்றாள். அம்மா உட்கார்ந்தாள். டீயைக் குடித்தாள். "அந்த மூலையில ஒழுகும், ஒரு சட்டி வச்சுக்க" என்று சொல்லிவிட்டு எழுந்தாள். வந்த காரியத்தை அவள் கேட்கவே இல்லை.

ஆபீசில் கிளாக்கர் அம்மாவின் சேலையைப் பார்த்துவிட்டு, "என்னம்மா, விசேஷம் முடிஞ்சிச்சா?" என்றார். அம்மா நின்றபடியே விஷயத்தைச் சொன்னாள். அவர் பேனாவை மூடினார்.

"வெட்டின பேரை ஒட்ட ஏலாதும்மா. சர்வீஸ் காசு வாங்கிட்டுப் போனவங்கள திரும்ப எடுக்கக் கூடாதுன்னு புதுத் தொர கண்டிப்பாச் சொல்லியிருக்காரு."

"புது ஆளுங்கள எடுக்கிறீங்களா?"

"புது ஆள எடுக்காம? மலையெல்லாம் புல்லு மண்டிக் கெடக்கு, பறிக்க ஆள் இல்ல."

"சரிங்க" என்றாள் அம்மா. அவ்வளவுதான்.

இனி நீங்கள் கேட்கப் போவதை நானே சொல்லிவிடுகிறேன். வீடு போகவில்லை. போன டீச்சர் புது வீட்டுக்கு முன்பணம் கட்டிவிட்டதால் திரும்பி வர முடியவில்லை. ஒரு மாணிக்கக்கல் தரகர் குடும்பம் வாடகைக்கு வந்தது. ரோஸ் கலர் ஹோலும் இரண்டு அறையும் அவர்களுக்கு. நாங்கள் நாலு பேரும், தம்பியையும் சேர்த்து, பின்பக்கக் குசினியில். எட்டு வருஷம். அவர்கள் டிவியில் காமெடி போனால் சுவருக்கு இந்தப் பக்கம் நாங்களும் சேர்ந்து சிரிப்போம். நான் ஓ/எல் சோதனைக்குப் படித்தது அடுப்புக் கட்டையின் மேல் புத்தகத்தை வைத்து. கெம்பஸில் என் நோட்டில் புகை நாறுகிறது என்று கிண்டலடித்தீர்களே, அது ஸ்கூல் நோட்டு, அதற்குக் காரணம் இதுதான். லொறி டிரைவர் அந்தத் திங்கட்கிழமை கையெழுத்துப் போடவில்லை. அப்பாவிடம் அதற்குப் பிறகு யாரும் கணக்குக் கேட்டு வரவும் இல்லை.

நான் கெம்பஸுக்கான ஏ/எல் சோதனை எழுதிவிட்டு ரிசல்ட்டுக்குக் காத்திருந்த வருஷம் கடன் உண்மையிலேயே முடிந்தது. ஐந்து லட்சத்துக்கு நாங்கள் கட்டி முடித்தது ஏறக்குறைய பன்னிரண்டு லட்சம். ஒரு வீட்டை எங்களுக்கும், அதைவிடப் பெரிய ஒன்றை வட்டிக்கும் வாங்கிக் கொடுத்திருக்கிறோம். விளம்பரத்தில் இருக்கிற மாதத் தவணையை மாதங்களால் பெருக்கிப் பார்ப்பதற்கு எனக்கு ஃபோனில் பத்து விநாடி எடுத்தது. உங்களில் யாராவது அதைச் செய்தீர்களா? எனக்கு வந்த அதிர்ச்சி அதுதான். எங்கள் அப்பாவிடம் இருந்தது தீபாவளி அட்வான்ஸ் மட்டும்தான். உங்களிடம் டிகிரி இருக்கிறது.

ஆனால் அந்தப் பன்னிரண்டு லட்சத்தில் சேராத ஒன்று இருக்கிறது. அதற்காகத்தான் இவ்வளவும் தட்டினேன்.

பால் காய்ச்சிய மூன்றாம் நாள், திங்கட்கிழமை. விடியக் காலையில் தோட்டத்துக் கோயிலுக்குக் கீழே வேலைக்குப் பேர் கொடுக்கிற இடத்துக்கு அம்மா நடந்தே போனாள். பள்ளிக்கூடத்துக்கும் அதுதான் வழி என்பதால் நானும் போனேன். தூறல். எல்லாரும் வரிசையில் நின்றார்கள், சர்வீஸ் கூடியவர்கள் முன்னால், புதியவர்கள் கடைசியில். அம்மா பறிக்கப் பழக்கிவிட்ட பெட்டைகள் எல்லாம் முன் பாதியில் நின்றார்கள். ஒருத்தி நகர்ந்து இடம் விட்டாள்.

"அக்கா, இங்கன வாங்க."

"நில்லுடி ஒன் எடத்துல" என்று சொல்லிவிட்டு, அம்மா கடைசிக்குப் போய் நின்றாள்.

கிளாக்கர் குடையைக் கழுத்தில் இடுக்கிக்கொண்டு, புதுப் பேர்களை எழுதிக்கொண்டே வந்தார். அவருக்குப் பக்கத்தில் தோட்டத்து மேனேஜரான புதுத் துரை ரெயின்கோட் போட்டு நின்றார். கொழும்பிலிருந்து வந்து ஒரு மாதமோ என்னமோ, அவருக்கு எங்கள் ஒருத்தரின் முகமும் தெரியாது. பெரிய கங்காணி வேறெங்கோ மலையைப் பார்த்தார். கிளாக்கர் அம்மாவுக்கு முன்னால் வந்து நின்றார். இருபத்திரண்டு வருஷத்தில் கடைசிப் பத்து வருஷமும் அம்மாவுக்குச் சம்பளம் எண்ணிக் கொடுத்தவர் அவர்தான். தலையைத் தூக்கவில்லை.

"இதுக்கு முன்னாடி இந்தத் தோட்டத்துல வேலை செஞ்சிருக்கீங்களாம்மா?"

நான் அம்மாவையே பார்த்தேன்.

"இல்லங்க" என்றாள் அம்மா. "இதான் மொதத் தடவ."

கிளாக்கர் எழுதினார். துரைக்கு என்ன தோன்றியதோ, அம்மாவின் பக்கம் திரும்பி, தட்டுத் தடுமாறிய தமிழில் கேட்டார்.

"கொழுந்து பறிக்கத் தெரியுமா?"

அம்மா கொழுந்துக் கறை ஏறிய இரண்டு கையையும் முந்தானைக்குள் இழுத்து மறைத்துக்கொண்டாள்.

"பழகிக்கிறேங்க தொர."